வரவேற்பறையில் ஒரு கடல்

ஒரு கடலைக் கரண்டியால் வற்றவைக்கும் வேலைக்கு அகஸ்ரினை எடுத்தபோது, அவருக்கு முன்அனுபவம் உண்டா என்று யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பார். மன்னாரில், தாழ்வுபாட்டுக் கரையில் பிறந்தவர். மீசை அரும்பிய நாளிலிருந்து கடல் தொழில். ஆனால் வள்ளத்துக்குள் ஏறிய தண்ணீரை வெளியே இறைத்திருக்கிறாரே தவிர, கடலிலிருந்து தண்ணீரைக் குறைக்க அவர் ஒருநாளும் முயன்றதில்லை.

வேலை கொடுத்தது வறண்ட கடல்கள் மீட்பு உலக மன்றம். ரொறொன்ரோ நகர நடுவில், உயரமான கட்டடம் ஒன்றின் பதினோராவது மாடி முழுவதும் அவர்களுடையது. தெற்குப் பக்க யன்னல்களில் நின்றால் ஒன்ராறியோ ஏரி, கண்ணுக்கெட்டிய தூரம் நல்ல தண்ணீராகத் தெரியும். அந்த யன்னல்களுக்கெல்லாம் தடித்த திரை போட்டிருந்தார்கள். வறட்சியைப் பற்றிச் சிந்திப்பவர்களின் கவனம் சிதறக்கூடாது என்பது இயக்குநர் டொக்டர் எட்வேட்டின் உத்தரவு.

மன்றம் மீட்க முயன்றது ஆரல் கடலை. பெயர்தான் கடல், மத்திய ஆசியாவின் பாலைவனத்துக்கு நடுவே கிடந்த பெரிய ஏரி அது. மலைகளிலிருந்து இரண்டு ஆறுகள் வந்து அதை நிரப்பிக்கொண்டிருந்தன. அறுபதுகளில் சோவியத் அதிகாரிகள் அந்த ஆறுகளைப் பருத்தி வயல்களுக்குத் திருப்பினார்கள். பருத்தி வெடித்தது, ஏரி பின்வாங்கியது. துறைமுகத்தைவிட்டுத் தண்ணீர் நடந்து போய்விட, கப்பல்கள் மணலில் நின்றன. அவற்றின் நிழலில் ஒட்டகங்கள் படுத்தன. உப்பு ஏறி மீன்கள் செத்தன. வெளியே வந்த ஏரிப்படுகையிலிருந்து உப்பும் பூச்சிமருந்தும் கலந்த புழுதி எழும்பி ஊர்களுக்குள் போனது, சனங்கள் இருமினார்கள். மீன் அடைக்கும் தொழிற்சாலையை மட்டும் அதிகாரிகள் மூடவில்லை. எங்கோ தூரத்துச் சமுத்திரங்களில் பிடித்த மீனை உறையவைத்து, அங்கே கொண்டுவந்து ரின்னில் அடைத்தார்கள். கடல் இல்லாமலே ஒரு மீன் தொழிற்சாலை நடக்கலாம் என்று உலகத்துக்குக் காட்டியவர்கள் அவர்கள். அந்தப் பாடத்தை மன்றம் நன்றாகப் படித்திருந்தது.

வரவேற்பறையில் ஒரு கண்ணாடித் தொட்டி இருந்தது. சாப்பாட்டு மேசை அளவு. ஆரல் கடலின் வடிவத்தில் அடிப்பாகம் செய்து, உப்புத் தண்ணீர் நிரப்பி, கரையில் தீப்பெட்டி அளவில் கப்பல்கள் வைத்திருந்தார்கள். ஒவ்வொரு மாதமும் முதல் திங்கட்கிழமை ஊழியர்கள் எல்லோரும் தொட்டியைச் சுற்றித் தலைகுனிந்து நிற்பார்கள். செய்மதி அனுப்பிய கணக்கின்படி கடல் எவ்வளவு குறைந்ததோ அவ்வளவு தண்ணீரை ஒரு வெள்ளிக் கரண்டியால் எடுத்து வெளியே ஊற்ற வேண்டும். கரண்டி ஏதோ ஒரு நாட்டுத் தூதுவர் அன்பளித்தது. வேறு எந்தப் பாத்திரமும் தொட்டிக்குள் இறங்கக்கூடாது. கரண்டி பிடிக்கும் கை நடுங்காத ஒருவர் தேவைப்பட்டார். அகஸ்ரினைக் கூட்டிவந்தவர் கிளடிஸ். கொழும்பில் பிறந்த தமிழர்; மன்றத்தின் திட்ட அலுவலர். ஞாயிறு பூசையில் அகஸ்ரினைக் கண்டு, நடுங்காத கை என்று கண்டுபிடித்தார்.

போரில் கடற்படை கடல் தொழிலைத் தடைசெய்தபின் கனடா வந்த அகஸ்ரின், அப்போது அகதி விசாரணைக்காகக் காத்திருந்தார். மனைவி அருள்நாயகியும் மகள் றெபேக்காவும் கொழும்பு கொட்டாஞ்சேனையில் ஒரு லொட்ஜ் அறையில் இருந்தார்கள். விசாரணையில் அவரை ஏற்றுக்கொண்டால் அவர்களைக் கூப்பிடலாம். ஏற்றுக்கொள்ளாவிட்டால் கூப்பிட முடியாது; அவரும் திரும்பிப் போக வேண்டியதுதான். மற்ற எல்லாம் இந்த இரண்டு வசனத்துக்குள் அடக்கம். கிழமைக்கு ஒருநாள் காலையில், மற்றவர்கள் வருமுன் வந்து, ரெலிபோன் காட் போட்டு வரவேற்பறைப் போனில் பேசுவார். என்ன வேலை என்று மனைவி கேட்டபோது, கடலோடு சம்பந்தப்பட்ட வேலை என்றார். அவள் மாதாவுக்கு நன்றி சொன்னாள்.

முதல் மாரியிலேயே ஒரு சிக்கல் வந்தது. நத்தார் விடுமுறைக்கு மன்றக் கந்தோரைப் பூட்டியபோது ஹீற்றரை நிறுத்த மறந்துவிட்டார்கள். திரும்பி வந்து பார்த்தால் தொட்டித் தண்ணீர், கணக்கைவிட நாலு விரல்கடை கீழே கிடந்தது. அகஸ்ரின் ஒரு கோப்பைத் தண்ணீரோடு ஓடி வந்தார். டொக்டர் எட்வேட் கையை உயர்த்தித் தடுத்தார்.

“அவசரப்படாதீர்கள். செய்மதி வானத்தில் இருக்கிறது. நமது தொட்டி கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. விஞ்ஞானத்தில் நெருக்கம்தான் முக்கியம். தொட்டி சொல்வதே உண்மை.”

அன்றிலிருந்து அது விதியானது. மன்றத்தின் ஆண்டறிக்கை தொட்டியைப் பார்த்து எழுதப்பட்டது. உண்மையான கடல் அறிக்கைக்குப் பின்தங்கி நிற்பதாக ஏரிக்கரை விஞ்ஞானிகளுக்குக் கண்டிப்பான ஒரு கடிதம் போனது. ஏப்ரல் முடியுமுன் திருத்திக்கொள்ள அவகாசம் கொடுத்திருந்தார்கள்.

கடல் குறையக் குறைய மன்றம் வளர்ந்தது. பன்னிரண்டாவது மாடியிலும் பாதியை எடுத்தார்கள். அடுத்த இலையுதிர்காலத்தில் ஒரு பெரிய மாநாடு வைத்தார்கள். பாதிக்கப்பட்ட ஒருவரின் வாக்குமூலத்தோடுதான் எந்தக் கூட்டமும் தொடங்க வேண்டும் என்பது மன்றத்தின் வழக்கம். இதுவரை ஒலிநாடாவில் ஒப்பேற்றியிருந்தார்கள். மாநாட்டுக்கு ஆரல் கரையிலிருந்து ஒரு கிழட்டு மீனவரை அழைத்தார்கள். அவருக்கு விசா கிடைக்கவில்லை. ஊருக்குத் திரும்பிப் போவார் என்பதற்கு அவர் ஆதாரம் காட்ட வேண்டுமாம். தொழிலைக் காட்டச் சொன்னார்கள். கடலைக் காட்டச் சொன்னார்கள் போலிருக்கிறது.

மாநாட்டுக்கு முதல்நாள் கிளடிஸ் அகஸ்ரினைத் தனியாகக் கூப்பிட்டார்.

“அகஸ்ரின், நாளைக்கு நீர் மேடையில ஏறி ரெண்டு வார்த்தை சொல்லவேணும்.”

“நானோ? நான் எந்தக் கடலெண்டு அக்காவுக்குத் தெரியும்தானே.”

“கடலை இழந்தனீரோ இல்லையோ?”

“ஓம்.”

“மீன்பிடிகாரனோ இல்லையோ?”

“ஓம்.”

“அப்ப மிச்சம் சின்னச் சின்ன விசயம். உம்மட விசாரணையில வந்து நல்ல வார்த்தை சொல்லுறனெண்டு டொக்டர் சொல்லுறார். இவ்வளவு பெரிய ஆள் சாட்சிக்கு வந்தா உம்மட வழக்கு எங்கயோ போயிடும்.”

“அக்கா, அந்தப் பாசை எனக்குத் தெரியாதே.”

“இஞ்ச வேற ஆருக்குத் தெரியும்? நீர் தமிழிலயே சொல்லும்.”

பெரிய ஆள் ஒருவரின் சாட்சி பலம் சேர்க்கும் என்று அகஸ்ரினின் வழக்கறிஞரும் முன்பே சொல்லியிருந்தார். அகஸ்ரின் இரவல் கோட்டோடு மேடையேறினார். பொய் சொல்ல அவருக்கு வரவில்லை. அதனால் தன் கதையையே சொன்னார்.

“எங்கட வள்ளங்கள் கரையில கிடந்து வெடிச்சுப்போச்சு. கடல் கண்ணுக்கு முன்னால கிடக்குது, ஆனா இறங்கேலாது. இறங்கினா திரும்பி வாறது நிச்சயமில்லை. வீட்டில மீன் கழுவின தண்ணியின்ர மணமே இல்லாமல் போச்சுது. என்ர மகள் ஒருநாள் கேட்டாள், அப்பா, கடல் எங்களோட கோவமோ எண்டு. அடுத்த நாள் வெளிக்கிட்டிட்டம்.”

டொக்டர் எட்வேட் கையிலிருந்த தாளைப் பார்த்து மொழிபெயர்த்தார். “தண்ணீர் பின்வாங்கினாலும் எங்கள் நம்பிக்கை பின்வாங்கவில்லை. எமது கரையில் ஒவ்வொரு குழந்தையும் நன்கொடையாளர்களின் பெயரை மனப்பாடமாகச் சொல்கிறது.”

மண்டபம் எழுந்து நின்று கைதட்டியது. முன்வரிசையில் ஒரு அம்மா, இந்தப் பாலைவன மொழி எவ்வளவு வறண்டிருக்கிறது என்று சொல்லிக் கண்ணைத் துடைத்தார்.

ரிவிச் செய்தியில் அகஸ்ரினின் முகம் வந்தது. கீழே எழுத்தில், ஆரல் கடலின் கடைசி மீனவர் என்று போட்டார்கள். அஜின்கோர்ட்டில் அவரோடு ஒரே பேஸ்மென்டில் இருந்தவன் இக்னேசியஸ். பக்கத்து பிளாசாவில் கொத்துரொட்டி போடுகிறவன். அன்று முழுவதும் அவன் கடையில் இதுதான் கதை.

“வாங்கோ அண்ணை,” என்றான் அவன், அகஸ்ரின் கடைக்குள் வந்ததும். “ரஷ்யாக்காரருக்கு இஞ்ச கொத்து போடுறேல்ல. ஒட்டகத்தை எங்க பார்க் பண்ணினனீங்கள்?”

“உவன் ஒருத்தன். விசாரணைக்கு ஆள் வருது எண்டுதானடா ஏறினனான்.”

“வரட்டும், வரட்டும். கடல் வத்திக் கருவாடு தின்னலாமெண்டு உடல் வத்திச் செத்துதாம் கொக்கு. அந்தக் கொக்குக்கும் ஆரோ சாட்சிக்கு வாறனெண்டுதான் சொல்லியிருப்பினம்.”

அதன்பின் எல்லாக் கூட்டங்களுக்கும் அகஸ்ரின்தான் வாக்குமூலம். பட்ஜெட் கூட்டம், கோப்பி இயந்திரம் வாங்கும் கூட்டம், வாகனத் தரிப்பிடக் கூட்டம். மகள் கேட்ட கேள்வியை அவர் திரும்பத் திரும்பச் சொன்னார். சொல்லச் சொல்ல வார்த்தைகள் வழுவழுப்பாகிக்கொண்டு போயின. முதலில் அந்த இடத்தில் அவருக்குத் தொண்டை அடைக்கும். பிறகு, தொண்டை அடைக்க வேண்டிய இடம் அது என்று ஞாபகம் வரும்.

தொண்ணூற்றொன்பதாம் ஆண்டு தொடக்கத்தில் மன்றத்துக்கு ஒரு பேரிடி. ஏரிக்கரைச் சனங்கள் யாரையும் கேளாமல் மணலை அள்ளிப் போட்டு ஒரு அணை கட்டியிருக்கிறார்களாம். கடலின் வடக்குப் பகுதியில் தண்ணீர் ஏறுகிறதாம், மீன்கூட வருகிறதாம். பக்ஸ் இயந்திரத்தில் வந்த செய்தியைப் படித்த டொக்டர் எட்வேட் உட்கார்ந்துவிட்டார். அவசரக் கூட்டம் கூடியது. அகஸ்ரின் வழக்கம்போல் வாக்குமூலம் சொல்லி முடிக்க, இயக்குநர் எழுந்தார்.

“நண்பர்களே, தண்ணீருக்கு நாங்கள் எதிரிகள் அல்ல. ஆனால் இது என்ன தண்ணீர்? யார் அங்கீகரித்த தண்ணீர்? மணல்தான் தீர்வு என்றால், பாலைவனத்தில் மணலுக்கா பஞ்சம்? பிறகு நாங்கள் எதற்கு? ஒரு கடல் தன்பாட்டில் மீள்வதை இன்று அனுமதித்தால், நாளை எல்லாக் கடல்களும் கேட்கும்.”

மன்றத்தின் தரத்தை எட்டும்வரை அந்தத் தண்ணீரைத் தண்ணீர் என்று குறிப்பிடுவதில்லை எனத் தீர்மானித்தார்கள். தொட்டியில் ஒரு துளியும் கூட்டவில்லை. சித்திரையில் புயல் வந்து அணை உடைந்தது. மன்றம் ஆழ்ந்த அனுதாபம் தெரிவித்து அறிக்கை விட்டது. அன்று மத்தியானம் கேக் வெட்டினார்கள்; என்னத்துக்கென்று யாரும் சொல்லவில்லை. அகஸ்ரினுக்கும் ஒரு துண்டு வந்தது. அவர் அதை மேசையில் வைத்துவிட்டு, கையால் மணல் அள்ளிய அந்த முகம் தெரியாத மீனவர்களை நினைத்தபடி கரண்டியைத் துடைத்தார்.

வைகாசியில் விசாரணை வந்தது. டொக்டர் எட்வேட் சொன்ன சொல் தவறவில்லை. புதுக் கழுத்துப்பட்டி கட்டி, கையில் மாநாட்டு வீடியோ கசட்டோடு வந்தார். விசாரணை அதிகாரி, அமைதியான பேச்சும் கூரான பென்சிலும் கொண்ட பெண்மணி. முதலில் அகஸ்ரின் சொன்னார். வள்ளம் வெடித்தது, மீன் மணம் இல்லாமற் போனது, மகள் கேட்டது. மொழிபெயர்ப்பாளர் ஒரு சொல் விடாமல் ஆங்கிலத்தில் சொன்னார். பென்சில் வேகமாக எழுதியது. அகஸ்ரினின் வழக்கறிஞர் அவர் தோளைத் தட்டினார். நன்றாகப் போகிறது என்று அர்த்தம்.

பிறகு சாட்சியை அழைத்தார்கள். டொக்டர் எட்வேட் எழுந்தார். அவர் ஆயத்தம் செய்துகொண்டு வரவில்லை, தேவையும் இல்லை. மேடையைக் கண்டால் அவருக்கு வருவது ஒரே பேச்சு.

“இந்த மனிதரை எனக்கு நன்றாகத் தெரியும். இவர் சாதாரண அகதி அல்ல. ஆரல் கடலின் கடைசி மீனவர். அந்தப் பாலைவனத்தின் குரல். ஆதாரம் இதோ.”

கசட் ஓடியது. அதிகாரி மொழிபெயர்ப்பாளரைப் பார்த்தார். மொழிபெயர்ப்பாளர் கடமை தவறாதவர். திரையில் அகஸ்ரின் தமிழில் சொன்னதை அப்படியே சொன்னார். வள்ளம் வெடித்தது, மீன் மணம் இல்லாமற் போனது, மகள் கேட்டது. தொண்டை அடைத்த இடமும் ஒன்றாகவே இருந்தது.

வழக்கறிஞர் எழுந்து, அது கூட்டத்துக்காகச் செய்த ஒழுங்கு என்று விளக்கத் தொடங்கினார். டொக்டர் எட்வேட் மனம் நொந்துபோனார். மன்றம் ஒருபோதும் போலிச் சாட்சி வைப்பதில்லை என்று சத்தியம் செய்தார்.

அதிகாரி பென்சிலைக் கீழே வைத்தார். “இரண்டு கடல்களுக்கு ஒரே கதை. ஒரு எழுத்தும் மாறவில்லை. உண்மையில் நடந்ததைச் சொல்கிறவர்கள் இப்படிச் சொல்வதில்லை.”

“அம்மா,” என்றார் அகஸ்ரின், “கதை என்ர. கடல் மட்டும்தான் அவையின்ர.”

மொழிபெயர்ப்பாளர் அதையும் சொன்னார். அதிகாரி யோசித்தார். இவர் எந்தக் கடலைச் சேர்ந்தவர் என்று தீர்மானிக்கும் அறிவு தமக்கில்லை என்றும், கடல்கள் சம்பந்தமான ஒரு நிபுணர் அமைப்பின் கருத்து வேண்டும் என்றும் சொன்னார். அப்படி ஏதாவது அமைப்பு இருக்கிறதா என்று கேட்டு முடிப்பதற்குள் டொக்டர் எட்வேட் கையை உயர்த்திவிட்டார்.

அகஸ்ரினின் கடல்மூலத்தை ஆராய மன்றம் ஒரு உபகுழு அமைத்தது. அது கூடும் நாளாக ஆனி மாத முதல் திங்களைக் குறித்தார்கள். பாதிக்கப்பட்டவரின் வாக்குமூலத்தோடு கூட்டம் தொடங்கும் என்று கிளடிஸ் அறிவித்தல் ஒட்டினார்.

“அக்கா, நீங்களாவது உண்மையைச் சொல்லுங்கோவன்.”

கிளடிஸ் அறிவித்தலின் மூலையை விரலால் அழுத்தி அழுத்தி ஒட்டினார். “எனக்கு மோட்கேஜ் இருக்கு, அகஸ்ரின்,” என்றார் கடைசியில். “யூனியன்வில்லில கடனுக்கு வாங்கின வீடு. தெரியும்தானே.”

அன்றிரவு அகஸ்ரின் படுக்கையில் கிடந்து யோசித்தார். மன்றத்தில் இத்தனை நாள் இருந்ததில் அவருக்கும் அவர்களைப் போலவே யோசிக்க வந்துவிட்டது. தொட்டி சொல்வதே உண்மை. தொட்டி நிரம்பினால் கடல் நிரம்பியது. கடல் நிரம்பினால் அதனால் பாதிக்கப்பட்டவர் என்று ஒருவர் இல்லை. ஆரல் கடலால் பாதிக்கப்பட்டவன் இல்லையென்றால், தான் வெறும் தாழ்வுபாட்டு அகஸ்ரின். அவருக்கு அதில் ஒரு ஓட்டையும் தெரியவில்லை.

திங்கள் காலை எல்லோருக்கும் முன்னால் போனார். துப்புரவு அறையிலிருந்து வாளியை எடுத்தார். குழாய்த் தண்ணீர் ஒன்ராறியோ ஏரியிலிருந்து வருவது, அதற்கு வஞ்சகமில்லை. வாளி வாளியாக ஊற்றினார். உப்பும் அளவாகப் போட்டார். அந்த விசயத்தில் ஏமாற்ற அவருக்கு மனம் வரவில்லை. தண்ணீர் ஏறி, மணலில் கிடந்த தீப்பெட்டிக் கப்பல்களைத் தொட்டது. ஒவ்வொன்றாக அசைந்து மிதந்தன. அகஸ்ரின் வாளியைக் கீழே வைத்துவிட்டுக் கொஞ்சநேரம் பார்த்துக்கொண்டு நின்றார். வள்ளம் மிதப்பதைப் பார்த்து எவ்வளவோ காலம்.

ஊழியர்கள் வந்தார்கள், தொட்டியைக் கண்டு அப்படியே நின்றார்கள். டொக்டர் எட்வேட் விரலை நனைத்து நாக்கில் வைத்துப் பார்த்தார். உப்புக் கரித்தது. தொட்டியை மறுத்தால் ஆண்டறிக்கைகள் எல்லாவற்றையும் மறுக்க வேண்டும். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டினார்.

“நண்பர்களே, நாங்கள் வென்றுவிட்டோம்,” என்றார். “இதை எவரிடமும் சொல்லாதீர்கள்.”

உபகுழு தன் கருத்தை அன்றே அனுப்பியது. டொக்டர் எட்வேட் தம் சார்பில் இன்னுமொரு வேண்டுகோளையும் சேர்த்திருந்தார். அடுத்த அமர்வில் அதிகாரி இரண்டையும் வாசித்தார். அகஸ்ரினின் வழக்கறிஞர் வாசலைப் பார்த்தபடி இருந்தார்.

“விண்ணப்பதாரர் ஆரல் கடலைச் சேர்ந்தவரானால், அந்தக் கடல் இப்போது நிரம்பிவிட்டது என்று நிபுணர்கள் சொல்கிறார்கள். மன்னார்க் கடலைச் சேர்ந்தவரானால், அந்தக் கடல் வற்றியதற்கான பதிவே தங்களிடம் இல்லை என்கிறார்கள். ஆக, எந்தக் கடலாக இருந்தாலும் தண்ணீர் இருக்கிறது. இவர் திரும்பிப் போகலாம்.”

தண்ணீர் இருந்ததல்ல பிரச்சினை, அதில் இறங்கவிடாததுதான் பிரச்சினை என்று அகஸ்ரின் சொன்னார். அதைக் கசட்டில் ஏற்கெனவே கேட்டாகிவிட்டது என்று அதிகாரி அமைதியாகச் சொன்னார். பிறகு வேண்டுகோளுக்கு வந்தார். மன்றத்தின் தொட்டியில் எதிர்பாராமல் தண்ணீர் ஏறிவிட்டதாம். நன்கொடையாளர்கள் வருமுன் அது பழைய நிலைக்கு வற்றவேண்டுமாம். விதிப்படி கரண்டியால் மட்டுமே வற்றவைக்கலாம். கை நடுங்காமல் கரண்டி பிடிக்க நாட்டில் வேறு ஆள் இல்லை. ஆகவே அந்தத் தொட்டி வற்றும்வரை விண்ணப்பதாரர் கனடாவில் தங்க அனுமதி. குடும்பத்தைக் கூப்பிட அனுமதி இல்லை. கரண்டி ஒன்றுதான் இருக்கிறது.

வெளியே வந்ததும் டொக்டர் எட்வேட் அகஸ்ரினின் கையைப் பிடித்துக் குலுக்கினார். “சொன்னேன் அல்லவா, கைவிட மாட்டேன் என்று.”

அகஸ்ரின் அள்ளத் தொடங்கினார். ஒன்பது மணிக்கு ஊழியர்கள் வரும்போது அவர் கரண்டியோடு நிற்பார், போகும்போதும் நிற்பார். ஒவ்வொரு கரண்டியும் அவரை விமான நிலையத்துக்குக் கிட்டக் கொண்டுபோனது. நாலாம் நாள் காலை அவர் ஒரு கோப்பைத் தண்ணீரைத் திருப்பி ஊற்றினார். பிறகு ஒவ்வொரு காலையும் ஊற்றினார். கடல் ஏன் இவ்வளவு மெதுவாக வற்றுகிறது என்று ஆராய மன்றம் இன்னொரு உபகுழு அமைத்தது. அதற்கும் அவர்தான் வாக்குமூலம்.

அருள்நாயகிக்கு எல்லாவற்றையும் சொல்ல அவரால் முடியவில்லை. இங்கே ஒரு கடல் இருக்கிறது, அது வற்றினால் முடிவு வரும் என்று மட்டும் சொல்லியிருந்தார். ஆவணியில் ஒருநாள் காலை, கோப்பையைத் தொட்டி விளிம்பில் வைத்துவிட்டுப் போன் எடுத்தார்.

“இஞ்சருங்கோ,” என்றாள் அவள், “கடல் வத்தினாத்தான் முடிவெண்டால், அது என்ன நியாயம்? எந்தக் கடல் வத்தினது?” பிறகு குரலைத் தாழ்த்தினாள். “லொட்ஜில மூண்டாம் தரம் பொலிஸ் வந்து எங்கட பேரைப் பதிஞ்சுகொண்டு போட்டினம். பிள்ளை பள்ளிக்கூடம் போகேல்ல. இந்தாங்கோ, அவள் கதைக்கப்போறாளாம்.”

றெபேக்கா வாங்கினாள். “அப்பா, உங்கட கடல் எவ்வளவு பெரிசு?”

அகஸ்ரின் திரும்பிப் பார்த்தார். தீப்பெட்டிக் கப்பல்கள் தண்ணீரில் அசையாமல் நின்றன.

“சாப்பாட்டு மேசையளவு, பிள்ளை.”

“அவ்வளவுதானோ? அப்ப கெதியா வத்தீடும்தானே?”

“ஓம்.”

“நானும் அம்மாவும் ஒவ்வொரு நாளும் செபம் சொல்லுறம், அப்பா. வத்தவேணும், வத்தவேணும் எண்டு.”

“சொல்லுங்கோ, பிள்ளை.”

காட் முடிவதற்கான மணி அடித்தது. லிப்ட் மேலே வரும் சத்தம் கேட்டது. அகஸ்ரின் போனை வைத்தார். கோப்பையை எடுத்து, ஒரு துளியும் வெளியே சிந்தாமல், தொட்டிக்குள் ஊற்றினார். கை நடுங்கவில்லை.